பச்சை எரியாத மெஷின்

கத்தரிக்கோல் என்ன வேலை பார்க்கிறாள் என்று அவள் குடும்பத்தில் ஒருவருக்கும் சரியாகச் சொல்லத் தெரியாது. "கம்ப்யூட்டர்ல பாடம் போடறா" என்பார் அண்ணன். போடுவதா, எடுப்பதா, எழுதுவதா என்று மேலே கேட்டால் அவருக்கே குழம்பிவிடும். "டீச்சரா?" என்று கேட்பவர்களிடம் இல்லை என்பாள். "அப்போ புஸ்தகம் எழுதறீங்களா?" அதுவும் இல்லை. "வீடியோ எடுக்கறீங்களோ?" கொஞ்சம். இதற்குள் கேட்டவருக்கு ஆர்வம் வடிந்து, வெயிலைப் பற்றிப் பேச ஆரம்பித்திருப்பார்.

கத்தரிக்கோல் என்பது ஆபீசில் விழுந்த பெயர். ஏதாவது ஒரு கம்பெனி தன் ஆட்களுக்குப் பயிற்சி கொடுக்க வேண்டும் என்று தலையணை தடிமனுக்குக் காகிதக் கட்டைக் கொண்டுவந்து மேஜையில் போடும். "இதை அப்படியே பாடமாக்கிக் குடுங்க" என்பார்கள். அவள் ஒரே ஒரு கேள்வி கேட்பாள்: "இதைப் படிச்சு முடிச்சதும் அவங்க கையால என்ன செய்யணும்?" எந்தப் பக்கம் அதற்குப் பதில் சொல்லவில்லையோ அந்தப் பக்கம் காலி. கம்பெனி பிறந்து வளர்ந்த கதை காலி. கொள்கை விளக்கம் காலி. ஒரு கம்பெனியின் தலைவர் தன் வாழ்த்துரையைக் காணோம் என்று நேரில் வந்தே தேடினார், பாவம்.

கற்றல் வடிவமைப்பு என்று இதற்கு அழகாகப் பெயர் வைத்திருக்கிறார்கள். பெயர் கிடக்கட்டும். நாமெல்லாம் சொல்லிக் கொடுத்துவிட்டால் எதிராளி கற்றுக்கொண்டுவிட்டான் என்று நம்பி வளர்ந்தவர்கள். "எத்தனை தடவை சொன்னேன், மண்டையில ஏறலையா?" என்று வீட்டுக்கு வீடு கேட்கிற கத்தல் அந்த நம்பிக்கையிலிருந்து வருவதுதான். இந்தத் தொழில் அந்த நம்பிக்கையைத்தான் முதலில் தூக்கிக் குப்பையில் போடுகிறது. நீ என்ன சொன்னாய் என்று யாரும் கேட்கப்போவதில்லை. அவர் என்ன செய்தார் என்பதுதான் பேச்சு.

அவள் இந்த வேலைக்கு வந்ததே ஒரு சண்டையில். அதற்கு முன்பு துணி துவைக்கும் மெஷின் விற்கும் கம்பெனி ஒன்றில் வாடிக்கையாளர் போன் எடுக்கும் வேலை. கூப்பிடுகிறவர்களில் பாதிப் பேர் ஒரே விஷயத்துக்குத்தான் கூப்பிடுவார்கள்: மெஷின் நின்றுவிட்டது, கதவு திறக்கவில்லை. அது கோளாறே இல்லை. உள்ளே தண்ணீர் வடிகிறவரை கதவு கொஞ்ச நேரம் பூட்டிக்கொண்டிருக்கும். அதற்குள் ஜனங்கள் பிடித்து இழுத்துக் கைப்பிடியையே பெயர்த்துவிடுவார்கள். கையேட்டில் எல்லாம் போட்டிருந்தது, யாரும் எட்டிப்பார்க்காத ஒரு மூலையில், பொடி எழுத்தில். கத்தரிக்கோல் பொறுத்துப் பொறுத்துப் பார்த்து, பூட்டு விளக்கு அணையும்வரை காத்திருக்கும் ஒரு கையைப் படமாக வரைந்து, "இதைக் கதவுலயே ஒட்டி அனுப்புங்க" என்று மேலாளரிடம் நீட்டினாள். "உன் வேலை போன் எடுக்கறது" என்றார் அவர். அவள் விடவில்லை. தினமும் போய் நின்றாள். தொல்லை விட்டால் போதும் என்று ஒட்டினார்கள்.

கதவுக்காக வரும் போன் குறைந்துகொண்டே போய், ஒரு கட்டத்தில் நின்றேவிட்டது. அவளுக்கு இருப்புக் கொள்ளவில்லை. தன் தலைக்குள் இருந்த ஒன்று, முகமே பார்த்திராத யாரோ ஒருத்தியின் கைக்குப் போய்ச் சேர்ந்து, அந்தக் கை இழுக்காமல் காத்திருக்கிறதே. இதைவிடப் பெரிய அதிசயம் உலகத்தில் என்ன இருக்கிறது என்று அவளுக்குத் தோன்றியது. இதற்கென்றே ஒரு தொழில் இருப்பது தெரிந்த மறுவாரம் போனைக் கழற்றி வைத்துவிட்டுக் கிளம்பிவிட்டாள்.

புது ஆபீஸ் ஒரு மெத்தைக் கடைக்கு மேல் மாடியில். கடைக்குப் புதுச் சரக்கு வரும் நாளில் ஆபீஸ் முழுக்க நுரை ரப்பர் வாசனை அடிக்கும். ஒரு சமயம் லிப்ட் பழுதுபார்க்கிறவர்களுக்குப் பாடம், இன்னொரு சமயம் குளிர்பதனக் கிடங்கில் வண்டி ஓட்டுகிறவர்களுக்கு. ஒவ்வொரு இடத்துக்கும் அவள் நேரில் போவாள், ஒன்றும் தெரியாதவளாக நின்று எல்லாவற்றையும் தப்பாகச் செய்து பார்ப்பாள். கிடங்கு வண்டியைச் சுவரில் ஒரு முட்டு முட்டிவிட்டு, முகமெல்லாம் சிரிப்பாக இறங்கி வந்து, "இந்த இடத்துலதான் எல்லாரும் முட்டுவாங்க, அதுக்குத்தான் பாடம்" என்றாளாம். "ஒண்ணும் தெரியாம இருக்கறதுக்குச் சம்பளம் வாங்கற ஒரே ஆள் நான்தான்" என்று வீட்டில் பெருமை அடித்துக்கொள்வாள்.

அப்படி இருந்தவளுக்கு வந்தது ஆஸ்பத்திரிப் பாடம்.

சிறுநீரகம் கைவிட்டுவிட்டவர்கள் வாரத்தில் பாதி நாள் ஆஸ்பத்திரிக் கட்டிலில் ரத்தம் சுத்தம் செய்துகொண்டு கிடக்க வேண்டும். அதற்கு மாற்றாக, வீட்டிலேயே கட்டில் பக்கத்தில் வைத்துக்கொள்கிற மெஷின் ஒன்று இருக்கிறது. வயிற்றில் பொருத்திய குழாய் வழியாக, ஆள் தூங்கும்போது திரவத்தை உள்ளே விட்டு, அழுக்கோடு வெளியே எடுத்துவிடும். விடிந்ததும் எழுந்து வேலைக்குப் போகலாம். ஆனால் தினமும் சாயங்காலம் வீட்டில் யாராவது ஒருவர் பைகளை மாட்டி, குழாய்களை இணைத்து, கிளிப்புகளைச் சரியான வரிசையில் திறந்து மூட வேண்டும். வரிசை தப்பினாலோ கை படக்கூடாத இடத்தில் பட்டாலோ கிருமி நேரே வயிற்றுக்குள் போய்விடும். நேரில் பயிற்சி கொடுப்பதற்கு முன்னால் குடும்பத்தார் டேப்லெட் திரையில், டேப்பில், பழகிக்கொள்ள ஒரு பாடம் வேண்டும் என்று ஆஸ்பத்திரி கேட்டது.

ஆபீஸ் ஓவியர் மெஷினைக் கடைசி திருகாணிவரை வரைந்தார். திரையில் குழாயைத் தொட்டு இழுத்தால் வளைந்துகொண்டு வரும், கிளிப்பை அழுத்தினால் டக்கென்று சத்தம் கேட்கும். அவ்வளவு அசல். முதலில் சிலரிடம் கொடுத்துப் பார்த்தபோது நடுவில் திகைத்துப்போய் டேப்பைக் கீழே வைத்துவிட்டார்கள். கத்தரிக்கோலுக்கு மனசு கேட்கவில்லை. அடுத்து எதைத் தொட வேண்டுமோ அந்த இடம் மட்டும் பச்சையாக மினுங்கும்படி செய்தாள். அவ்வளவுதான், மந்திரம் போட்ட மாதிரி எல்லோரும் கடைசிவரை போனார்கள். தேர்விலும் அதே பச்சை மினுங்கியது, எல்லோருக்கும் நூற்றுக்கு நூறு. சுவரில் மாட்டியிருந்த பெரிய திரையில் மதிப்பெண்கள் வரிசையாக வந்து விழ, முதலாளி எல்லோருக்கும் ஐஸ்கிரீம் வாங்கிக் கொடுத்தார். அவள் இரண்டு சாப்பிட்டாள்.

நூற்றுக்கு நூறைப் பார்த்தால் சந்தேகப்பட வேண்டும் என்று அந்தத் தொழிலில் எல்லோருக்கும் தெரியும். அவளுக்கும் தெரியும். தன் பாடம் என்று வந்தபோது கண் அவிந்துபோயிற்று.

அடுத்த வருடம் அண்ணனுக்குச் சிறுநீரகம் போயிற்று.

அண்ணன் பேருந்து நிலையத்தில் ஒலிபெருக்கியில் அறிவிப்பு சொல்கிறவர். எந்த வண்டி எந்த நடைமேடைக்கு வருகிறது என்று காலையிலிருந்து சாயங்காலம்வரை சொல்வார். வீட்டுக்கு வந்தும் அதே குரல்தான், குளியலறைக்குப் போவதையே அறிவித்துவிட்டுத்தான் போவார். சர்க்கரை வியாதி அவர் சிறுநீரகத்தை மட்டுமல்ல, விரல் நுனிகளின் உணர்ச்சியையும் எடுத்துக்கொண்டுவிட்டது. ஆஸ்பத்திரிக்கு ஓடிக்கொண்டிருந்தால் வேலை நிலைக்காது. "வாரத்துல பாதி நாள் வரமுடியாதுன்னா அந்த நாற்காலிக்கு வேற ஆளைத்தான் உக்கார வைக்கணும்" என்று நிலைய அதிகாரி வருத்தத்தோடுதான் சொன்னார், ஆனால் சொல்லிவிட்டார். மைக்கை விட்டால் அண்ணன் ஆளே இல்லை. ஆக, வீட்டு மெஷின்தான் கதி. அவர் விரலுக்குக் கிளிப் பிடிபடாது என்பதால் அதை இயக்கக் கற்றுக்கொள்ள வேண்டியது அண்ணி.

சேதி கேட்டுக் கலங்கிப்போன கத்தரிக்கோல், எந்த ஆஸ்பத்திரி என்று தெரிந்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்துவிட்டாள். "அண்ணி, அது என் பாடம். நான் போட்ட பாடம்."

"நீ போட்டதா?" என்றாள் அண்ணி. "அப்படின்னா பயமில்லை."

அண்ணி லேசுப்பட்டவள் இல்லை. பெரிய பல்பொருள் அங்காடியில் பில் போடுகிறவள். வரிசை எவ்வளவு நீளமாக இருந்தாலும் கை பாட்டுக்குப் போய்க்கொண்டிருக்கும், வாய் பாட்டுக்கு வாடிக்கையாளரின் குழந்தையைக் கொஞ்சிக்கொண்டிருக்கும். டேப்பை வாங்கி மடியில் வைத்தாள், விறுவிறுவென்று முடித்தாள். நூறு. மறுபடியும் செய்தாள். நூறு. பக்கத்தில் உட்கார்ந்திருந்த நாத்தனார்க்காரிக்குத் தலைகால் புரியவில்லை.

பயிற்சி அறை ஆஸ்பத்திரியின் பின்கட்டில் இருந்தது. கழுவும் தொட்டி, ஒரு கட்டில், அதன்மேல் குழாய் வைத்துத் தைத்த துணிப் பொம்மை. பக்கத்தில் மெஷின், சாம்பல் நிறத்தில், பெட்டிபோல. பயிற்சி நர்ஸ் கண்டிப்பானவர் என்று பெயர் எடுத்தவர். "மார்க் பாத்தேன். பிரமாதம். ஆரம்பிங்கம்மா" என்றார்.

அண்ணி கை கழுவினாள், முகக்கவசம் கட்டினாள், மெஷின் முன்னால் போய் நின்றாள். நின்றுகொண்டே இருந்தாள். அந்தப் பறக்கும் கை இரண்டும் வயிற்றுக்கு முன்னால் அப்படியே நின்றுவிட்டன.

"என்னம்மா யோசனை?"

"இல்ல சிஸ்டர். இன்னும் எரியல."

"எது எரியல?"

"பச்சை."

நர்ஸுக்குப் புரியவில்லை. இதற்கு முன் இங்கே வந்து தடுமாறியவர்களெல்லாம் பதற்றத்தில் மறந்துவிட்டார்கள் என்றே அவர் நினைத்திருந்தார். சுவரோரமாக நின்றிருந்த கத்தரிக்கோலுக்குப் புரிந்தது. அண்ணி மெஷினைக் கற்றுக்கொள்ளவே இல்லை. எது மினுங்குகிறதோ அதைத் தொடக் கற்றுக்கொண்டிருக்கிறாள். பாடம் எதைச் சொல்லிக்கொடுத்ததோ அதை ஒரு குறை இல்லாமல் கற்றிருக்கிறாள்.

அண்ணி ஒரு குத்துமதிப்பில் ஒரு கிளிப்பைத் திறந்தாள். நர்ஸ் சட்டென்று கையைப் பிடித்துத் தடுத்தார். "பொம்மையா இருக்கறதால சரி. இதே உங்க வீட்டுக்காரரா இருந்தா நாளைக்குக் காய்ச்சல்ல கிடப்பார்" என்றார். மெஷின் வேண்டும் என்று காத்திருக்கும் குடும்பங்கள் நிறைய. அடுத்த வாரம் இன்னொரு வாய்ப்பு தருவதாகவும், அதிலும் முடியாவிட்டால் இந்த மெஷினை வேறு வீட்டுக்குக் கொடுக்க வேண்டிவரும் என்றும் நயமாகவே சொன்னார்.

வெளியே வந்ததும் அண்ணி அழுதுவிட்டாள். "எனக்கு மூளை இல்ல போல" என்றாள்.

"மூளை இல்லாதது எனக்கு அண்ணி" என்றாள் கத்தரிக்கோல். "உங்களைக் கையைப் பிடிச்சுக் கடைசிவரைக்கும் கூட்டிட்டுப் போயிட்டு, நீங்களே நடந்தீங்கன்னு மார்க் போட்டுட்டேன்."

மறுநாள் காலையில் ஆபீஸ் திறக்கும் முன்பே அவள் படியில் உட்கார்ந்திருந்தாள். ஓவியர் வந்ததும் பிடித்துக்கொண்டாள். முதலாளி விஷயத்தைக் கேட்டுவிட்டு நெற்றியைத் தேய்த்தார். "பச்சையை எடுத்தா மார்க் விழும். ஆஸ்பத்திரிக்காரங்க என்னை வந்து கேப்பாங்க."

"விழட்டும் சார். இப்ப இருக்கற மார்க் எல்லாம் பொய்."

சொல்லும்போதே அவளுக்குள் ஏதோ பொங்கிக்கொண்டு வந்தது. பயமும் இருந்தது, ஆனால் அதை மீறிக்கொண்டு ஒரு குதூகலம். இப்போதுதான் எங்கே முட்டுவார்கள் என்று தெரிந்திருக்கிறது, இனிமேல்தானே பாடம்! பச்சையை ஒரேயடியாகப் பிடுங்கினால் பழையபடி டேப்பைக் கீழே வைத்துவிடுவார்கள். அதனால் முதல் சுற்றில் வெளிச்சம் முழுதாக இருக்கும். அடுத்த சுற்றில் கொஞ்சம் யோசிக்க விட்டு, அப்புறம்தான் மினுங்கும். அதற்கடுத்து, கேட்டால்தான் வரும். பிறகு கேட்டாலும் வராது. தப்பான கிளிப்பைத் திறந்தால் "தவறு" என்று சிவப்பில் கத்துவதையும் நீக்கினாள். பாடம் ஒன்றும் சொல்லாமல் அதன்போக்கில் போகும். அடுத்த காட்சியில் நோயாளி காய்ச்சலோடு உட்கார்ந்திருப்பார். ஏன் என்று பார்க்கிறவர்தான் தேடிப் பின்னால் போக வேண்டும். ஓவியர் அந்தக் காய்ச்சல்காரரை அண்ணன் சாயலில் வரைந்துவிட்டு, அவளைக் கேட்காமலே மீசையை மட்டும் மாற்றினார்.

அரைகுறையாக முடிந்ததையே அவள் ராத்திரிக்குக் காத்திராமல் மதியமே அண்ணி வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு ஓடினாள். அண்ணி உட்கார்ந்தாள். மதிப்பெண் பாதிகூடத் தேறவில்லை.

"முன்னாடி நூறு எடுத்தவ நான். என்ன பாடம் இது, விளங்காத பாடம்" என்று டேப்பைத் தள்ளினாள்.

கத்தரிக்கோல் துள்ளிக் குதிக்காத குறை. "பாதி. அண்ணி, நிஜமான பாதி. இது உங்களோடது, யாரும் குடுத்தது இல்ல."

"மார்க் குறைஞ்சதுக்குச் சந்தோஷப்படற வாத்தியாரம்மாவை இப்பத்தான் பாக்கறேன்" என்றாள் அண்ணி. ஆனாலும் டேப்பை மறுபடி இழுத்துக்கொண்டாள். ரோஷக்காரி.

நர்ஸிடம் கெஞ்சிக் கூத்தாடிப் பழகுவதற்கென்று ஒரு செட் குழாயும் காலிப் பையும் வாங்கி வந்தார்கள். கூடத்து சோபாவில் அண்ணன் வயிற்றில் ஒரு துணியைக் கட்டிக்கொண்டு படுத்தார், அதில் குழாயைக் குத்தி வைத்தார்கள். "பயணிகள் கவனத்திற்கு, இரண்டாம் எண் குழாய் சற்றுத் தாமதமாக வந்துகொண்டிருக்கிறது" என்று அவர் பாட்டுக்கு அறிவிக்க, "என்னங்க, சும்மா இருங்க, வரிசை மறந்துடும்" என்று அண்ணி அதட்ட, அந்த வாரம் அந்த வீட்டில் ஒரே அமளி. அண்ணிக்கு வரிசை பிடிபட்டது. அதைவிட, ஒவ்வொரு கிளிப்பும் எதற்கு என்பது பிடிபட்டது. "இது வீட்டு வாசக்கதவு, இது தெருக் கேட்டு. ரெண்டையும் ஒண்ணாத் திறந்து போட்டா கண்டதும் உள்ள வரும், அவ்வளவுதானே" என்று ஒரு நாள் தானாகவே சொன்னாள். கத்தரிக்கோலுக்கு அந்த வரியைப் பாடத்திலேயே சேர்க்கலாம் போலிருந்தது, சேர்த்தும்விட்டாள். எப்போதும் அண்ணிக்கு எதிரிலேயே உட்கார்ந்திருந்தாள். கடைசி நாட்களில் அண்ணி ஒரு தப்புகூட விடவில்லை.

தேர்வன்று மூவரும் போனார்கள். பயிற்சி அறை வாசலில் கத்தரிக்கோல் செருப்பைக் கழற்றப் போனபோது அண்ணி தடுத்தாள்.

"நீ வெளியவே இரு."

"ஏன் அண்ணி? நான் ஒரு வார்த்தை பேச மாட்டேன்."

"நீ பேச வேண்டாம். நான் தப்பான இடத்துக்குக் கையைக் கொண்டு போனா உன் புருவம் மேல போகுது. அதைப் பாத்துத்தான் கையை மாத்திக்கறேன். எனக்கே நேத்துதான் தெரிஞ்சுது."

திரையில் இருந்த வெளிச்சத்தையெல்லாம் ஒவ்வொன்றாக அணைத்துவிட்டு, அண்ணிக்கு நேர் எதிரே தானே மினுங்கிக்கொண்டு உட்கார்ந்திருந்திருக்கிறாள். அப்படியானால் இந்த வாரம் பூராவும் வந்த சரிகளில் எது அண்ணியுடையது, எது தன்னுடையது? கேட்க நேரமில்லை. அண்ணி உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

கதவில் கண்ணாடி இருந்தது. அதன் வழியே பார்க்கலாம், பார்த்தால் அண்ணியும் பார்ப்பாள். கத்தரிக்கோல் கதவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள். அவள் வாழ்க்கையில் அவ்வளவு கஷ்டமான வேலையை அதற்கு முன் செய்ததில்லை. பெஞ்சியில் அண்ணன் மரத்துப்போன விரல்களைக் கோத்துக்கொண்டு, ஒன்றும் அறிவிக்காமல் உட்கார்ந்திருந்தார்.

தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது. பிறகு டக், டக் என்று கிளிப்புகள். சத்தத்தை வைத்தே அவள் வரிசையைத் தொடர்ந்துகொண்டு போனாள். சரி. சரி. அதுவும் சரி. மெஷின் ஓட ஆரம்பித்தது.

திடீரென்று மெஷின் கூவியது. வீல் வீலென்று, விடாமல்.

"இது என்ன சத்தம்?" என்றார் அண்ணன்.

"வடியலைன்னு அர்த்தம். எங்கயோ அடைச்சிருக்கு."

"அவளுக்கு இது தெரியுமா?"

பாடத்தில் ஒரே ஒரு அடைப்பு இருந்தது, கிளிப் திறக்காததால் வருவது. இப்போது கிளிப்புகள் எல்லாம் திறந்திருக்கின்றன, சத்தம் அவளுக்குக் கேட்டதே. ஆக, நர்ஸ் வேறு ஏதோ செய்திருக்கிறார், பாடத்தில் இல்லாத ஏதோ ஒன்று. கூவல் நீண்டுகொண்டே போயிற்று. அவள் கழுத்து தானாகத் திரும்பியது. கையால் கன்னத்தைப் பிடித்து முன்பக்கம் திருப்பிக்கொண்டாள்.

கூவல் நின்றது. மெஷின் மறுபடி ஓடும் ஓசை கதவுக்கு வெளியே லேசாகக் கேட்டது. அவள் அப்போதும் திரும்பவில்லை.

கதவு திறந்தது. முகக்கவசம் கழுத்தில் தொங்க, வேர்த்து விறுவிறுத்து அண்ணி வந்தாள். பின்னாலேயே வந்த நர்ஸ், "மெஷினை எப்ப எடுத்துட்டுப் போறீங்க?" என்றார். கண்டிப்புக்குப் பேர் போனவர் முகத்தில் சிரிப்பு.

அண்ணன் எழுந்து நின்று அண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டார். அண்ணி அவர் தோள் வழியாக நாத்தனாரைப் பார்த்தாள்.

"சிஸ்டர் குழாயை மடிச்சுப் பொம்மைக்கு அடியில வச்சுட்டாங்க. ஒண்ணும் புரியல. மெஷின்ல ஆரம்பிச்சு வயிறு வரைக்கும் விரலாலயே தடவிக்கிட்டே போனேன். மாட்டிச்சு."

"அது பாடத்துலயே இல்லையே அண்ணி. யார் சொன்னா?"

"யாரும் சொல்லல" என்றாள் அண்ணி. "அதான் தேடினேன்."